பின்பக்கம் சிங்க் வைக்க பைப் லைன் நீட்டணும், யோசனை சொல்லுங்க

எங்கள் வீடு கன்னியாகுமரி மாவட்டம் தக்கலை பக்கம். அம்மா இப்பவும் அடுக்களைக்கு வெளியே குந்தியிருந்துதான் பாத்திரம் கழுவுகிறார், முட்டுவலி வேறு, நம்ம ஊரில் ஆனி ஆடியிலும் மழை, ஐப்பசியிலும் மழை, அதனால் பின் திண்ணையிலேயே ஒரு சிங்க் வைத்துக் கொடுக்க ஆசை.

மாடி டேங்கில் இருந்து முக்கால் இஞ்ச் வெள்ளை யுபிவிசி பைப் இறங்கி, பாத்ரூம் சுவரில் அரை இஞ்ச் ஆகிறது. அங்கிருந்து திண்ணைக்கு 18 அடி. ஒரு பிளம்பர் அந்த அரை இஞ்ச்சிலேயே டீ (T வடிவ இணைப்பு) போட்டுக் கிளை எடுத்தால் போதும் என்கிறார். எனக்கு மனசு ஒப்பவில்லை. டேங்கின் அடிப்பக்கம் சிங்க் குழாயில் இருந்து 12 அடி உயரம்தான், 10 அடிக்கே சுமார் 4.3 பிஎஸ்ஐ அழுத்தம்தான் கிடைக்கும், பாத்ரூமில் குழாய் திறந்தால் இங்கே நூல் மாதிரி வருமோ என்று பயம். முக்கால் இஞ்ச்சில் தனியாக எடுத்து, கேட் வால்வும் (லைனை அடைக்கும் திருகு வால்வு) வைத்துவிடலாமா?

அப்புறம், கையில் கொஞ்சம் சிபிவிசி பைப் (வெந்நீருக்குப் போடும் பிளாஸ்டிக் பைப்) மீதி இருக்கிறது. அதற்கும் யுபிவிசிக்கும் வெளி அளவு வேறு என்பதால் நேராக ஒட்டாது, திரெட் அடாப்டர் (மரை உள்ள இணைப்பு) வைத்துச் சேர்த்தவர்கள் இருக்கிறீர்களா, நாளாக நாளாகக் கசிகிறதா?

கழிவுத் தண்ணியைத் தென்னை மூட்டுக்கு விட நினைக்கிறேன். அதற்கு ஒன்றரை இஞ்ச் போதுமா, இரண்டு வேண்டுமா? மார்த்தாண்டம், தக்கலை பக்கம் நல்ல பிளம்பர் தெரிந்தாலும் சொல்லுங்க.