"இங்க ஒரு கையெழுத்துப் போடுக்கா": விடுதலைப் பத்திர அனுபவங்கள்

மூத்தவள்:

அப்பாவின் தலைதிவசம் முடிந்த மறுவாரம் தம்பி காரோடு வந்து நின்றான். "அக்கா, ரிஜிஸ்டர் ஆபீஸ் வரைக்கும் போயிட்டு வந்துடலாம். ஆதார் மட்டும் எடுத்துக்கோ." எதற்கு என்று நான் கேட்கவில்லை. தெரியும்.

நான் வங்கியில் வேலை பார்த்து ஓய்வு பெற்றவள். "படிக்காமல் கையெழுத்துப் போடாதீங்க" என்று இருபது வருஷம் கவுண்டரில் உட்கார்ந்து சொன்னவள். அதனால் பத்திரத்தை வாங்கி முழுசாகப் படித்தேன். என் பங்குக்கு ஈடாக ஐந்து லட்சம் ரூபாய் ரொக்கமாகப் பெற்றுக்கொண்டு, பூர்வீக நிலத்தில் எனக்குள்ள உரிமையை "மனப்பூர்வமாக" விடுதலை செய்கிறேனாம். ஐந்து ரூபாய்கூட வரவில்லை. தம்பி வாசலில் நின்று போனைப் பார்த்துக்கொண்டிருந்தான். அவனும் என் முகத்தைப் பார்க்கவில்லை, நானும் அவனைக் கூப்பிடவில்லை.

உள்ளே கேமரா முன்னால் உட்காரவைத்துப் போட்டோ எடுத்தார்கள், கைரேகை வைத்தார்கள். சார்பதிவாளர் தலை நிமிராமலே, "பணம் வாங்கியாச்சாம்மா?" என்றார்.

"ஆச்சு சார்."

இரண்டே வார்த்தை. யாரும் மிரட்டவில்லை, கெஞ்சவுமில்லை. மதியம் தம்பி வீட்டில் வடை பாயசத்தோடு இலை போட்டார்கள். தம்பி மனைவி நெய்யை ஒரு கரண்டி கூடவே ஊற்றினாள். அந்த நெய்தான் இன்னும் தொண்டையில் நிற்கிறது. உங்களுக்கும் இப்படி நடந்திருந்தால் எழுதுங்கள்.

பத்திரக்காரர்:

முப்பது வருஷமாகப் பத்திரம் எழுதுகிறேன். மேலே அந்த அம்மா சொன்ன "ரொக்கமாகப் பெற்றுக்கொண்டு" என்ற வரியை எத்தனை முறை தட்டச்சு செய்திருப்பேன் என்று எனக்கே கணக்குத் தெரியாது. ரொக்கம் கைமாறுவதை என் கடையில் பார்த்தது மிகக் குறைவு.

எங்களிடம் வரும் அண்ணன் தம்பிகள் முதலில் கேட்பது, "அக்காவுக்கு 87-லயே கல்யாணம் ஆயிடுச்சு, அவங்க கையெழுத்து வேண்டாம்ல?" என்பதுதான். அந்த 89 கணக்கு ஊர் முழுக்க வேதவாக்காக இருக்கிறது. 1989 மார்ச் 25 முதல் தமிழ்நாட்டில் மகளுக்கும் பூர்வீகச் சொத்தில் மகனுக்குச் சமமான பங்கு வந்தது, சரி. அந்தத் தேதிக்கு முன் கல்யாணம் ஆனவர்களுக்கு இல்லை என்றதும் உண்மை. ஆனால் 2005 செப்டம்பர் 9-ல் நடைமுறைக்கு வந்த மத்திய இந்து வாரிசுரிமைச் சட்டத் திருத்தம் அந்தக் கல்யாணக் கணக்கையே எடுத்துவிட்டது. "அப்பா 2005-க்கு முன்னாடியே போயிட்டாரே" என்று சிலர் இழுப்பார்கள். அதற்கும் 2020 ஆகஸ்டில் வினீதா சர்மா வழக்கில் உச்ச நீதிமன்றம் பதில் சொல்லிவிட்டது: மகளுக்கு உரிமை பிறப்பிலேயே வருகிறது, திருத்தம் வந்த அன்றைக்கு அப்பா உயிரோடு இருந்திருக்க வேண்டியதில்லை. முன்னாலேயே முறையாகப் பாகம் பிரித்து முடித்திருந்தால் அது வேறு கதை.

இதைவிடப் பெரிய கூத்து, அப்பா சுயமாகச் சம்பாதித்த வீட்டுக்கும் இந்த 89-ஐக் கொண்டுவந்து ஒட்டுவது. உயில் எழுதாமல் அவர் போய்விட்டால் மனைவி, மகன், மகள், அவருடைய அம்மா எல்லோருக்கும் சம பங்கு. இது 1956-ல் வந்த அந்த வாரிசுரிமைச் சட்டத்திலேயே இருக்கிறது! 1929-ல் செங்கல்பட்டு சுயமரியாதை மாநாட்டில் பெண்ணுக்குச் சொத்துரிமை வேண்டும் என்று தீர்மானம் போட்டார்கள். மாநிலச் சட்டமாக வர அறுபது வருஷம் ஆயிற்று. அதை வீட்டுக்குள் கொண்டுபோக எத்தனை ஆகுமோ.

ஒன்று மட்டும் கண்கூடாகப் பார்த்தேன். முன்பெல்லாம் சகோதரிகளைக் கேட்காமலே நிலத்தை விற்பார்கள். இப்போது வாங்குபவரின் வக்கீலும் வங்கிக்காரரும் "அக்கா தங்கச்சி கையெழுத்து எங்கே" என்கிறார்கள். அதனால் என் கடையில் விடுதலைப் பத்திரம்தான் கூடியிருக்கிறது. சட்டம் பலமாகப் பலமாக எனக்கு வருமானம், என்ன சொல்ல.

கடைக்குட்டி:

நான் வேறொரு வீட்டுத் தம்பி, அந்தப் பக்கத்து ஆள். அக்கா பங்கு கேட்டபோது கோபம் வந்தது, மறைக்கவில்லை. "உன் கல்யாணத்துக்கு வாங்கின கடனை நான்தானே அடைச்சேன்" என்று கத்தினேன். அவள் நிதானமாக, "அந்த நகையில ஒரு குண்டுமணிகூட என்கிட்ட இல்லடா. ரெண்டாவது வருஷமே வித்து அவங்க வீட்டுக் கடனைத்தான் அடைச்சாங்க" என்றாள். பதினெட்டு வருஷம் கழித்து அன்றைக்குத்தான் எனக்கு அது தெரியும்.

அளந்து பிரித்துக் கொடுத்தேன். உட்பிரிவு ஆகி அவள் பெயருக்குப் பட்டா வருவதற்குள் தாலுகா ஆபீஸுக்கு நடந்து செருப்புத் தேய்ந்தது. இப்போது அவள் பங்கையும் நானே குத்தகைக்குப் பயிர் செய்கிறேன். ஊரில் அவளுக்கு "கேஸ் போட்டவ" என்று பெயர். வழக்கு என்று ஒன்று நடக்கவே இல்லை.

மூத்தவள்:

தம்பி, உங்கள் அக்கா வாய்விட்டுக் கேட்டாள். நான் கேட்கவில்லை. கேட்டால் என் தம்பியும் கொடுத்திருப்பானோ என்று நேற்று முழுக்க யோசனை.

ராத்திரி தூக்கம் வராமல் பதிவுத்துறைத் தளத்தில் அந்த நிலத்துக்கு வில்லங்கம் போட்டுப் பார்த்தேன். தாத்தா பெயர், அப்பா பெயர், அப்புறம் தம்பி பெயர். கடைசி வரியில் "எழுதிக் கொடுத்தவர்" என்ற கட்டத்தில் என் பெயர், இனிஷியலோடு. அந்த சர்வே எண்ணுக்குக் கீழே நான் வருகிற ஒரே இடம் அதுதான்.