கொல்லிப்பாவையும் எட்டுக்கை அம்மனும் ஒருவரா? ஆடிப்பெருக்கு பஸ் அழைப்பிதழ் பற்றி

ஒயிட்ஃபீல்டு வாசி:
ஆடி 18-க்குப் பெங்களூரிலிருந்து கொல்லிமலைக்கு நாம் விடும் பஸ்ஸின் அழைப்பிதழ் பார்த்தேன். ‘நற்றிணை பாடிய பாவையே இன்று எட்டுக்கை அம்மனாக அருள்பாலிக்கிறாள்’ என்று எடுத்த எடுப்பிலேயே போட்டிருக்கிறார்கள். அந்த வரியைத் தூக்கிவிடுங்கள். நற்றிணையிலும் குறுந்தொகையிலும் வரும் பாவை, கொல்லிமலையில் இருந்ததாகச் சொல்லும் பெண் உருவம், தலைவிக்கு உவமை. காற்று மோதினாலும், இடி விழுந்தாலும், நிலமே நடுங்கினாலும் உருக் குலையாதவள். அவளைச் செய்தது யார் என்பதில்கூட ஒரே பேச்சு இல்லை. ஒரு பாட்டில் தெய்வம், இன்னொன்றில் பூதம். முனிவர்களைக் காக்கச் செய்த பதுமை, அசுரரைச் சிரித்து மயக்கிக் கொன்றாள் என்ற கதையும் அங்கே இல்லை, எட்டுக் கையும் இல்லை. மலையிலுள்ள அறப்பளீசுவரர் சிவன் கோயிலுக்கு அப்பர் தேவாரத்தில் பெயர் வருகிறது. அந்தப் பெருமை ஒன்று போதாதா?

மல்லேஸ்வரம் மாமி:
தம்பி, மலைக்கு வரும் ஜனங்கள் நற்றிணையைக் கையில் வைத்துக்கொண்டா கும்பிடுகிறார்கள்? அம்மன் கோயிலைக் கொல்லிப்பாவை கோயில் என்றுதான் மலையில் சொல்கிறார்கள். அப்புறம், கொல்வது அங்கே இல்லவே இல்லை என்று அடித்துப் பேசாதீர்கள். பாவை போன்றவள் என்னைக் கொல்லப் பார்க்கிறாளே என்று ஒருவன் புலம்பும் பாட்டும் நற்றிணையில்தான் இருக்கிறது, 185.

ஒயிட்ஃபீல்டு வாசி:
நல்ல இடத்தைப் பிடித்தீர்கள் மாமி. ஆனால் அங்கே கொல்லப் பார்ப்பவள் காதலி. காதலில் தவிக்கிறவன் அப்படித்தான் பேசுவான். அதை வைத்து அசுர வதம் கட்ட முடியாது.

மல்லேஸ்வரம் மாமி:
அழகுக்கு எத்தனையோ உவமை இருக்க, கொலைப் பேச்சு வரும் இடத்தில் இந்தப் பாவை ஏன் வருகிறாள்? புலவருக்குக் கதை ஏதோ தெரிந்திருக்கிறது. முழுக்கதையையும் பாட்டிலேயே எழுதி வைக்க வேண்டுமா என்ன?

நாமக்கல் பையன்:
எனக்குச் சொந்த ஊர் சேந்தமங்கலம் பக்கம், இப்போது எலெக்ட்ரானிக் சிட்டி. நீங்கள் இருவரும் மலையில் இருப்பவர்களை விட்டுவிட்டுப் பேசுகிறீர்கள். அங்கே இருப்பவர்கள் மலையாளி பழங்குடிகள் (கேரளக்காரர் அல்ல, ஆபீஸில் ஒவ்வொரு முறையும் இதை விளக்கி அலுத்துவிட்டது). அவர்களுடைய சொந்தக் கதைப்படியே முன்னோர்கள் காஞ்சிபுரத்திலிருந்து வந்த அண்ணன் தம்பிகள். ஆளுக்கொரு மலையில் குடியேறினார்கள். தென்னிந்தியச் சாதிகள், பழங்குடிகள் பற்றி 1909-இல் வெளிவந்த தர்ஸ்டன் தொகுதிகளிலேயே இந்தக் கதை பதிவாகியிருக்கிறது. அப்படியென்றால் சங்க காலம் தொட்டு ஒரே தொடர்ச்சி என்று எதை வைத்துச் சொல்வது?

மல்லேஸ்வரம் மாமி:
வந்தவர்கள் அங்கே ஏற்கனவே இருந்த தெய்வத்தைக் கும்பிட ஆரம்பித்திருக்கக் கூடாதா? நான் மாயவரத்துக்காரி, இங்கே பெங்களூர் அண்ணம்மா தேவியைக் கும்பிடவில்லையா?

ஒயிட்ஃபீல்டு வாசி:
கும்பிடுங்கள், அதைக் கேட்கவில்லை. ‘இருந்திருக்கலாம்’ என்பதை ‘பாவையே’ என்று ஏகாரம் போட்டு அச்சடிப்பதைத்தான் கேட்கிறேன். நம் பிள்ளைகள் இங்கே இரண்டாம் மொழியாகக் கன்னடம் படிக்கிறார்கள். நற்றிணை என்ற பெயரையே இந்த நோட்டீஸில்தான் முதலில் பார்க்கப் போகிறார்கள்.

நாமக்கல் பையன்:
பிள்ளைகளுக்கு என்றால் ஐயாற்று மீனைக் காட்டுங்கள். அறப்பளீசுவரர் கோயில் பக்கத்து ஓடையில் பொரி போட்டால் மீன்கள் ஒன்றன் மேல் ஒன்று ஏறி வாய் பிளக்கும். யாரும் பிடிப்பதில்லை. முன்னொரு காலத்தில் குழம்புக்காக அறுத்த மீன் துண்டுகள் ஒட்டிக்கொண்டு தண்ணீருக்கே துள்ளிப் போயினவாம். நம்புகிறோமோ இல்லையோ, அந்தக் கதையால் அங்கே மீன் பிழைத்துக் கிடக்கிறது. பாவைப் பாட்டில் வரும் பலாவும் போய்விடவில்லை, பருவத்தில் போனால் மலையில் எங்கு பார்த்தாலும் பலா, அன்னாசி, மிளகுக் கொடி.

மல்லேஸ்வரம் மாமி:
பாருங்கள், மீன் கதைக்கு மட்டும் யாரும் ஆதாரம் கேட்கவில்லை. அம்மன் என்றால்தான் எல்லோருக்கும் ஆராய்ச்சி.

ஒயிட்ஃபீல்டு வாசி:
மீன் கதையைச் சங்கப் பாட்டு என்று யாரும் சொல்லவில்லையே! சொன்னால் அதற்கும் சண்டைக்கு வருவேன். நோட்டீஸில் கொல்லிமலையை ஆண்ட வல்வில் ஓரியைப் போடுங்கள். ஒரே அம்பில் யானை, புலி, மான், பன்றி, உடும்பு என்று துளைத்தவன், புறநானூறு 152. இன்னொரு குறுநில மன்னன் திருமுடிக்காரி அவனைக் கொன்று மலையைச் சேரனுக்குக் கொடுத்ததற்கும் பாட்டு இருக்கிறது.

நாமக்கல் பையன்:
ஒரே அம்பில் ஐந்து உருப்படி என்பதை நம்புவீர்கள், அம்மன் சிரித்ததை நம்ப மாட்டீர்கள். சரி விடுங்கள். நோட்டீஸைவிட அவசரமான விஷயம் இருக்கிறது. ஆடி 18-இல்தான் அரசு வல்வில் ஓரி விழாவும் நடத்துகிறது. மலையேறும் காரவள்ளிப் பாதையில் 70 கொண்டை ஊசி வளைவு, அன்றைக்கு அதில் வண்டி நெரிசல் வேறு. ஆகாயகங்கை அருவிக்கு ஆயிரத்துக்கு மேல் படி. இறங்குவது சுலபம், ஏறும்போது முழங்கால் பேசும். ஒரு வாரம் தள்ளிப் போங்கள்.

மல்லேஸ்வரம் மாமி:
தேதியை மாற்றினால் ஆடிப்பெருக்கு எங்கே போகும்? நான் வருகிறேன், படி மட்டும் இறங்க மாட்டேன். அந்த வரி அப்படியே இருக்கட்டும்.

ஒயிட்ஃபீல்டு வாசி:
‘பாவையே’ என்பதற்குப் பதில் ‘பாவை என்று மலை மக்கள் சொல்லும்’ என்று போட்டால் ஒப்புக்கொள்வீர்களா?

மல்லேஸ்வரம் மாமி:
மலை மக்கள் மட்டுமா? நானும்தான் சொல்கிறேன்.