தோட்டத்து வீடு, கொழிஞ்சாம்பாறை: குடும்பக் குழு

[இரவு 8:42] கதிர்: மாமா, டாக் வந்துருச்சுங்க, அதான் டிஜிட்டல் ஃபைலை ஹெட்போனுக்குச் சத்தமா மாத்தற பொட்டி. ரெட் ஹாட் சில்லி பெப்பர்ஸ் பேண்டோட கலிஃபோர்னிகேஷன் ஆல்பத்த ஃபிளாக்ல, எதையும் வெட்டாம சுருக்கற ஃபைல்ல, போட்டேன். சத்தம் ஏர்ற எடமெல்லாம் கரகரங்குது. ஏமாத்திட்டானா?

[8:44] செந்தில் மாமா: எந்த ஃபைலு?

[8:44] கதிர்: ஓணம் லீவுல உங்க சிடியில இருந்து ரிப் பண்ணுனது

[8:47] செந்தில் மாமா: அப்ப ஃபைல் சுத்தம். சிடியே அப்படித்தான்டா. 1999ல எவன் சிடி சத்தமா கேக்குதுன்னு கம்பெனிகளுக்குள்ள போட்டி. மாஸ்டரிங்ல, அதான் சிடி அடிக்கறதுக்கு முன்னாடி ஒலிய முடிக்கற வேலைல, லெவலை ஏத்தி ஏத்தி அலையோட முனையெல்லாம் மொட்டையாப் போச்சு. ஃபிளாக் அந்த மொட்டையையும் ஒரு புள்ளி விடாம எடுத்து வெச்சிருக்கு

[8:48] பிரியா அக்கா: 🤣 நேர்மையான ஃபைலு

[8:49] அம்மா: மோட்டார் ஆஃப் பண்ணுனியா கதிரு

[8:50] கதிர்: ஆனா எம்பித்ரீல இது தெரியலீங்களே?

[8:52] செந்தில் மாமா: எங்க கேட்டே? பொள்ளாச்சி பஸ்ல, ப்ளூடூத்ல. அது சுருக்குனதையே இன்னொருக்கா சுருக்கித்தான் காதுக்கு அனுப்பும். அதுல எஞ்சின் சத்தம் வேற

[8:52] கதிர்: அப்ப 4,000 ரூவா தண்டமா

[8:55] செந்தில் மாமா: அவுங்க 1991 ஆல்பத்தப் போடு. பேரை இங்க எழுத முடியாது, அக்கா இருக்கு

[8:55] பிரியா அக்கா: 🙈🙈

[8:58] செந்தில் மாமா: அதே ரிக் ரூபின் தயாரிப்பு, வாசிச்சதும் அதே நாலு பேரு. ஆனா அதுல மூச்சு விட எடம் இருக்கும். பேஸ் கிட்டார் வாசிக்கற பிளீயோட வெரலு கம்பியில படறது தனியாத் தெரியும்

[8:59] பிரியா அக்கா: கிட்டார்காரர் அடிக்கடி ஓடிப் போவாரே, அவரா?

[9:01] செந்தில் மாமா: ஃப்ருஷியான்டே. 1992ல டூர் நடுவுலயே எறங்கிப் போனாரு, 1998ல வந்தாரு. 2009ல மறுபடி போயி 2019ல வந்தாரு

[9:02] பிரியா அக்கா: நம்ம தேங்கா போடற அண்ணன் மாதிரி

[9:04] செந்தில் மாமா: 😂 1984ல இருந்து 2022 வரைக்கும் 13 ஆல்பம். எங்கிட்ட 9 இருக்கு. மிச்சத்துக்கு எம்பித்ரீய ஃபிளாக்கா மாத்தி வெச்சுக்காத. சைஸ்தான் பெருகும், எம்பித்ரீயாச் சுருக்குறப்ப போனது வராது

[9:06] அம்மா: கதிரு மோட்டார்

[9:41] கதிர்: மாமா

[9:41] கதிர்: வயர் ஹெட்போன்ல ஆறாவது பாட்டு ஓடுது. நீங்க சொன்ன வெரலு கேட்டுச்சுங்க. இத்தன நாள் அங்க பேஸ் இருக்கறதே தெரியல

[9:43] செந்தில் மாமா: 👍 வால்யூமக் கொறச்சு வெச்சுக் கேளு

[9:44] அம்மா: தொட்டி ரொம்பி வாசலெல்லாம் தண்ணி. காதுல இருக்கறதக் கழட்டிட்டு கீழ வா