ஜுராசிக் பார்க்: 1993 தியேட்டர் ஒலிக்கு உதவி வேண்டும்

நண்பர்களே, 'ஜுராசிக் பார்க்' 1993-ல் தியேட்டரில் ஒலித்த அதே டிடிஎஸ் (DTS என்ற டிஜிட்டல் தியேட்டர் ஒலி முறை) ஒலியை ப்ளூ-ரே படத்தோடு சேர்க்கப் பார்க்கிறேன். அந்த டிஜிட்டல் ஒலி ஃபிலிமில் இருக்காது. சிடி-ராமில் தனியாக வரும். ஃபிலிமில் அதற்கான டைம்கோடு, அதாவது ஒலியைப் படத்தோடு பொருத்தும் நேரக் குறியீடு, மட்டும்தான்.

ஒலி கைக்கு வந்துவிட்டது. சிக்கல் என்னவென்றால், தியேட்டர் டிடிஎஸ்ஸில் சப்வூஃபருக்கு (அடித்தொனிக்கான ஸ்பீக்கர்) தனித் தடம் கிடையாது. 80 ஹெர்ட்ஸுக்குக் கீழே உள்ள அதன் ஒலி, பக்கவாட்டு, பின்பக்க ஸ்பீக்கர்களுக்கான சரவுண்ட் தடங்களிலேயே கலந்திருக்கும். அதைப் பிரிக்க எந்த ஃபில்டர் சரி? வீட்டுக்காகச் சரவுண்டை 3 டெசிபல் குறைக்கச் சொல்கிறார்கள், சப்வூஃபருக்கும் அதே கணக்கா?

அப்புறம், ரீல் மாறும் இடங்களில் சில ஃபிரேம்கள் தள்ளிப்போகின்றன. கையால் வெட்டி ஒட்டுவதுதான் வழியா? டி-ரெக்ஸ் காலடி அரை நொடி பிந்தினாலும் பயத்துக்குப் பதில் சிரிப்புதான் வருகிறது! செய்து பார்த்தவர்கள் உங்கள் ஃபில்டர் அமைப்பை ஸ்கிரீன்ஷாட் எடுத்துப் போடுங்கள்.