டம்ளர் தண்ணீருக்கு ஒரு பொழிப்புரை

கூட்டமாக உட்கார்ந்து படம் பார்க்கும்போது, பாதியில் நிறுத்தி நடத்தும் ஆராய்ச்சியை மட்டும் என்னால் தாங்க முடிவதில்லை. சமீபத்தில் நடந்தது இது. அப்பாவும் மகளும் மேசையில் எதிரெதிரே உட்கார்ந்து பேசும் காட்சி. அப்பா முன்னால் இருக்கும் டம்ளரில் ஒரு ஷாட்டில் முக்கால்வாசி தண்ணீர், அடுத்ததில் பாதி, மறுபடி முக்கால். நண்பன் ரிமோட்டை அமுக்கிவிட்டான்.

"அவர் பொய் சொல்றப்பல்லாம் தண்ணி ஏறுது பாரு. குறியீடு!"

அந்தத் தண்ணீர்தான் அவருடைய மனசாட்சி என்றான் இன்னொருவன். பேச்சு நீண்டுகொண்டே போனது. அழுகையை அடக்கிக்கொண்டு சிரிக்கப் பார்க்கிறாளே அந்த மகள், அவளைப் பற்றி ஒருத்தரும் வாய் திறக்கவில்லை. எனக்கு ஆற்றாமை அங்கேதான்.

தண்ணீர் ஏறி இறங்குவதற்குக் காரணம் எளிது. அப்பா பக்கம் கேமரா வைத்துச் சில டேக், மகள் பக்கம் வைத்துச் சில டேக் எடுப்பார்கள். நடிகர் அவ்வப்போது ஒரு வாய் குடிப்பார். ஷாட்டுக்கு ஷாட் எதுவும் மாறாமல் இருக்கிறதா என்று கன்டினியூட்டி பார்ப்பவர் எவ்வளவு கவனமாக இருந்தாலும் அளவு கொஞ்சம் முன்பின் ஆகும். எடிட்டரோ நடிப்பு நன்றாக வந்த டேக்கைத்தான் எடுப்பார். வால்டர் மர்ச் என்ற புகழ்பெற்ற எடிட்டர், ஒரு வெட்டில் எது எவ்வளவு முக்கியம் என்று கணக்குப் போட்டபோது உணர்ச்சிக்கு 51 சதவீதம் கொடுத்தார். யார் எங்கே இருக்கிறார் என்ற இடத் தொடர்ச்சிக்கு வெறும் 4.

இன்னொருவர் 'தி ஷைனிங்' (1980) என்ற திகில் படத்தில் வரும் 237ஆம் எண் ஹோட்டல் அறையைப் பிடித்துக்கொண்டார். நிலாவின் தூரம் 2,37,000 மைலாம், அதனால் படமே, நிலாப் பயணக் காட்சிகளைப் பொய்யாக எடுத்துக் கொடுத்தது நான்தான் என்று இயக்குநர் தரும் ரகசிய வாக்குமூலமாம். படத்துக்கு மூலமான நாவலில் அந்த அறை எண் 217. வெளிப்புறக் காட்சிகள் எடுத்த டிம்பர்லைன் லாட்ஜ் என்ற ஹோட்டலில் 217 என்று நிஜமாகவே ஓர் அறை உண்டு. படம் பார்த்தவர்கள் அதில் தங்கப் பயப்படுவார்கள் என்று நிர்வாகம் கேட்டுக்கொண்டதால், அங்கே இல்லாத எண்ணாக மாற்றினார்கள். இதைச் சொன்னேன். "அப்படித்தான் சொல்லுவாங்க" என்றார். அதற்கு மேல் என்ன பேசுவது?

சின்ன விஷயங்களைக் கவனிப்பதே தப்பு என்று நான் சொல்லவில்லை. 'தி காட்ஃபாதர்' படத்தில் ஆரஞ்சுப் பழம் வந்தால் சாவு வரும் என்பார்கள். இருண்ட காட்சிகளில் கொஞ்சம் நிறம் கூட்டத்தான் வைத்தோம் என்றார் கலை இயக்குநர் டீன் டவலாரிஸ். எனக்கு இந்தப் பதில்தான் சுவாரசியம். அவ்வளவு இருட்டாக ஏன் ஒளியமைத்தார்கள், அந்த இருட்டில் முகங்கள் எப்படித் தெரிகின்றன? இதைப் பேச யாராவது வந்தால் விடிய விடிய உட்காரத் தயார்.