'அலோஹா', 'கியா ஓரா' சொன்னால் அந்த மொழிகள் பிழைக்குமா?

கடலோடி:
ஹவாய்க்கோ நியூசிலாந்துக்கோ போகிறவர்கள் ஒரு வணக்கச் சொல்லைக் கற்றுக்கொண்டு போய், அதையே அந்த மொழிக்குச் செய்யும் மரியாதை என்கிறார்கள். எனக்கு ஒப்புதல் இல்லை. ஹவாயில் 1896-ல் பள்ளிகளுக்கு ஆங்கிலமே பயிற்றுமொழி என்று சட்டம் வந்தது. சில தலைமுறைகளில் ஹவாய் மொழி பேசி வளரும் பிள்ளைகள் அருகிப்போனார்கள். அந்தக் காலத்தில்தான் சட்டை, ஓட்டல், விளம்பரம் என்று எங்கும் 'அலோஹா' என்ற ஹவாய் வணக்கச் சொல் பரவியது.

தாமிரபரணி:
ஹவாய் பற்றிச் சொன்னது சரி. நியூசிலாந்தில் நடந்தது வேறு. 1984-ல் ஆக்லாந்தில் தொலைபேசி ஆபரேட்டராக இருந்த நைடா கிளாவிஷ் என்ற பெண், அந்நாட்டுப் பூர்வகுடியான மாவோரி இனத்தவர், அழைப்பவர்களுக்குத் தன் மொழி வணக்கமான 'கியா ஓரா' சொல்லி வந்தார். ஆங்கிலத்தில் மட்டும் சொல் என்றார் மேலதிகாரி. நைடா மறுத்ததும் பதவியிறக்கம். நாடே அதைப் பற்றிப் பேசியது. 'கியா ஓரா அம்மாவிடம் பேச வேண்டும்' என்று கேட்டே பலர் போன் செய்தார்கள். பிரதமர் மல்டூன் வரை போய்த் தடை நீங்கியது, நைடாவுக்கு வேலையும் திரும்பக் கிடைத்தது. 1987-ல் மாவோரி ஆட்சிமொழியானது. வெறும் சொல்தான் என்றால் அதற்கு ஏன் இத்தனை பயந்தார்கள்?

கடலோடி:
அவர் துணிச்சலுக்குத் தலைவணங்குகிறேன். ஆனால் சட்டம் அந்த ஒரு சம்பவத்தால் வந்ததா? பள்ளிகளில் மாவோரி கற்பிக்கக் கேட்டு 1972-லேயே 30,000-க்கும் மேற்பட்ட கையெழுத்துகளோடு நாடாளுமன்றத்தில் மனு கொடுத்தார்கள். 1982-ல் 'கோஹங்கா ரேயோ' மழலையர் பள்ளிகள் வந்தன. தாத்தா பாட்டிமார் நாள் முழுக்கக் குழந்தைகளோடு மாவோரியிலேயே இருந்தார்கள். அதைப் பார்த்துத்தான் ஹவாய்க்காரர்களும் 1984-ல் 'பூனானா லேயோ' பள்ளியைத் தொடங்கினார்கள். மொழியைத் தூக்கி நிறுத்தியது இந்தப் பெரியவர்கள்.

வெண்பலகை:
வணக்கத்தையாவது ஒழுங்காகக் கற்கலாமே. மாவோரியில் ஒருவர் என்றால் 'தேனா கொஎ', இருவர் என்றால் 'தேனா கோருவா', மூவர் முதல் 'தேனா கோத்தோ'. பெரியவர் ஒருவரைப் பார்த்து, நம் 'நீங்கள்' நினைப்பில், மரியாதைக்காகக் 'கோத்தோ' போட்டால் தவறு. அங்கே தலையை எண்ணித்தான் பேச வேண்டும். சிலர் பார்த்த உடனே 'ஹோங்கி' என்ற மூக்கு தொடும் வணக்கத்துக்கு மூக்கை நீட்டுகிறார்கள். சடங்கு வரவேற்பில் பெண்களின் அழைப்புக் குரல், இரு தரப்புப் பேச்சு, பாட்டு எல்லாம் முடிந்த பிறகுதான் மூக்கும் நெற்றியும் தொடும்.

தாமிரபரணி:
நல்ல தகவல், நன்றி. ஆனால் இத்தனை விதி சொன்னால் பயந்து ஒருவரும் வாயே திறக்கமாட்டார்கள். கடலோடி, அந்த மழலையர் பள்ளியிலிருந்து வெளியே வரும் குழந்தை கடைக்குப் போகிறது. கடைக்காரர் 'கியா ஓரா' என்றால்தானே தன் மொழி தெருவிலும் செல்லும் என்று அதற்குத் தெரியும்?

கடலோடி:
குழந்தை உடனே மாவோரியில் பால் கேட்கும். 2023 கணக்கெடுப்பின்படி நாட்டில் அந்த மொழி பேசுகிறவர்கள் நூற்றுக்கு நாலு பேர் சொச்சம். கடைக்காரர் என்ன பதில் சொல்வார்?