பின்சீட்டில் வந்தவர், கார் மோதல்: எந்த வி கோடு?

கேள்வி: பைக்கின் பின்சீட்டில் வந்தவருக்கு, கார் மோதி இடது கீழ்க்கால் எலும்பு முறிவு. ஐசிடி-10-சிஎம்மில் (அமெரிக்காவில் நோய், காயங்களுக்கான குறியீட்டுப் பட்டியல்) விபத்து எப்படி நடந்தது என்று சொல்லும் வி கோடாக (குறியீடாக) வி23.4எக்ஸ்எக்ஸ்ஏ போட்டேன், சாஃப்ட்வேர் ஏற்கவில்லை. ஏன்?

பதில் 1: இரண்டு தப்பு. நான்காவது இடத்தில் 4 என்பது ஓட்டியவருக்கு. பின்னால் இருந்தவருக்கு 5. அடுத்து, 2022 அக்டோபர் 1 முதல் ஐந்தாவது இடத்தில் எக்ஸ் (காலியிடத்தை நிரப்பும் எழுத்து) செல்லாது: மின்சார சைக்கிள் என்றால் 1, மற்ற பைக்குக்கு 9. ஆக, வி23.59எக்ஸ்ஏ.

பதில் 2: முதலில் எஸ்82 (கீழ்க்கால் எலும்பு முறிவு) வரிசையில் காயத்தின் கோடு. வி கோடு ஒருபோதும் முதன்மை நோயறிதலாக நிற்காது. திறந்த முறிவென்றால் (முறிந்த இடத்தில் தோலும் கிழிந்திருந்தால்) எஸ் கோடு பி அல்லது சி-யில் முடியும், வி கோட்டின் கடைசி எழுத்து அப்போதும் ஏ (காயத்துக்கான முதற்கட்ட சிகிச்சை) தான் (இங்கேதான் பலர் வழுக்குகிறார்கள்).

கேட்டவர்: விபத்து நடந்தது பொதுச்சாலையிலா, அதற்கு வெளியே ஏதாவது வளாகத்திலா என்று மருத்துவக் குறிப்பில் இல்லையே?

பதில் 1: அப்படியானால் சாலை விபத்தென்றே கொள்ளுங்கள். வளாகம் என்று எழுதியிருந்தால் மட்டும் நான்காவது இடத்தில் 5க்குப் பதில் 1. விபத்து நடந்த இடத்தைச் சொல்லும் ஒய்92 கோடு முதல் வருகைக்கு மட்டுமே.